சலீம் அலியும் பரத்பூர் எருமைகளும்

1938 நவம்பர் 12ஆம் திகதி வட இந்தியாவின் பரத்பூர் சமஸ்தானத்தில் ஒரு பெரிய வேட்டை நடந்தது. வைஸ்ராய் லின்லித்கோ பிரபுவும் அவருடன் வந்தவர்களும் ஒரே நாளில் 4,273 பறவைகளைச் சுட்டு வீழ்த்தினார்கள். அவற்றில் பெரும்பாலானவை குளிர்காலத்தைக் கழிக்க வடக்கிலிருந்து வந்த காட்டு வாத்துகள். எங்கள் ஊர்ப் பேச்சில் காட்டுத் தாராக்கள். அந்த எண்ணிக்கை இன்றும் அங்குள்ள கல்வெட்டில் இருக்கிறது. அதே நாளில், பம்பாயில் பிறந்த ஒரு பறவையியலாளருக்கு 42 வயது நிறைந்தது. அவர்தான் சலீம் அலி.

இந்தியாவின் பறவை மனிதர் என்று பலரும் அறிந்த அவரைப் பற்றிப் பாராட்டுக் கட்டுரைகள் ஏராளம். என்னை அதிகம் யோசிக்க வைப்பது, அவருடைய வாழ்வின் கடைசி ஆண்டுகளில் பரத்பூரில் நடந்த விடயம். களப்புகளும் சரணாலயங்களும் அருகருகே இருக்கும் வடக்கில் வாழும் நாம் அதை அறிந்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

1896இல் பிறந்த சலீம் அலி மூன்று வயதுக்குள் தாய் தந்தை இருவரையும் இழந்து தாய்மாமன் வீட்டில் வளர்ந்தார். வேட்டை அந்த வீட்டில் சாதாரண விடயம். சிறுவன் சலீம் விளையாட்டுத் துவக்கால் சுட்ட ஒரு குருவியின் கழுத்தில் மஞ்சள் நிறம் இருந்தது. அது என்ன குருவி என்று கேட்பதற்காகப் பம்பாய் இயற்கை வரலாற்றுச் சங்கத்துக்குப் போனார். அங்கிருந்த செயலாளர் மில்லார்ட் பதப்படுத்தி வைத்திருந்த பறவைகளை எல்லாம் காட்டினார். சலீமின் வாழ்க்கைப் பாதை அங்கேதான் தொடங்கியது.

அந்தப் பாதை இலகுவானதாக இருக்கவில்லை. பர்மாவில் குடும்ப வியாபாரம் கைகொடுக்கவில்லை. உரிய பட்டம் இல்லாததால் அரச ஆய்வு நிறுவனத்தில் வேலை கிடைக்கவில்லை. அருங்காட்சியகத்தில் கிடைத்த வேலையில் விடுப்பு எடுத்துப் பெர்லினுக்குச் சென்று, எர்வின் ஸ்ட்ரெஸ்மானிடம் பறவையியல் கற்றார். திரும்பி வந்தபோது அந்த வேலையும் இல்லை. மனைவி தெஹ்மினாவுடன் கடலோரக் கிராமமான கிஹிமில் தங்கி, தூக்கணாங்குருவிகளை மாதக்கணக்கில் பார்த்துக் குறித்துக்கொண்டார். அந்த ஆய்வு அவருக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. பிறகு சமஸ்தானம் சமஸ்தானமாகப் பறவைக் கணக்கெடுப்பு நடத்தினார். 1939இல் தெஹ்மினா இறந்தார். 1941இல் இந்தியப் பறவைகள் பற்றிய அவருடைய நூல் வெளியானது. பின்னர் டில்லன் ரிப்ளியுடன் சேர்ந்து எழுதிய பத்துத் தொகுதிகளில் இலங்கைப் பறவைகளும் இடம்பெற்றன.

பரத்பூர் ஈரநிலம் இயற்கையான ஒரு பள்ளம்தான். ஆனால் அதில் நீரைத் தேக்கியது மனிதர் கட்டிய அணை. ஏறத்தாழ 29 சதுர கிலோமீற்றர் பரப்பில் மதகுகளைத் திறந்தும் மூடியும் நீர்மட்டத்தைக் கட்டுப்படுத்தினார்கள். மன்னர்கள் அதைப் பேணியது வேட்டைக்காக. சுதந்திரத்துக்குப் பின் அந்த நீரையும் நிலத்தையும் விவசாயத்துக்குக் கேட்டார்கள். சதுப்பு நிலம் வயலாகாமல் தடுக்கத் தன் செல்வாக்கு முழுவதையும் பயன்படுத்தியவர்களில் சலீம் அலி முக்கியமானவர். 1956இல் அது பறவைகள் சரணாலயமானது. 1972வரை நீடித்த அரச குடும்பத்தின் வேட்டை உரிமையும் பின்னர் முடிவுக்கு வந்தது.

அங்கே அவருடைய குழுவினர் வாத்துகளின் கால்களில் வளையமிட்டு விட்டார்கள். சில வளையங்கள் சோவியத் நாட்டிலிருந்து திரும்பக் கிடைத்தன. ஒரு நாட்டில் குளத்தை மூடினால் இன்னொரு நாட்டின் பறவை அழியும் என்பது அந்தச் சிறிய உலோகத் துண்டுகளால் தெரியவந்தது. யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு எதிரே இருக்கும் கோடியக்கரையிலும் அவருடைய சங்கம் வளையமிடும் பணியை நடத்தியது.

ஊசிவால் வாத்து போன்றவை மூழ்கி இரை தேடுவதில்லை. தலையை நீருக்குள் விட்டு, வாலை மேலே தூக்கி, அடியில் இருக்கும் விதைகளையும் கிழங்குகளையும் எடுக்கும். ஆகவே அவற்றுக்கு ஆழம் குறைந்த, மேற்பரப்பு திறந்திருக்கும் நீர் வேண்டும். நீர் ஆழமானால் அலகு அடியை எட்டாது. புல் மூடினால் இறங்கவே இடமிருக்காது.

1982இல் பரத்பூர் தேசிய பூங்காவானது. கால்நடைகள் பறவைகளுக்குத் தொல்லை, அவற்றை வெளியேற்ற வேண்டும் என்பது சலீம் அலியின் நிலைப்பாடு. அன்றைய பாதுகாப்பு வல்லுநர்கள் பலரும் அப்படித்தான் எண்ணினார்கள். தலைமுறைகளாக அங்கே எருமை மேய்த்த கிராமத்தவர்களுக்கு மாற்று மேய்ச்சற்தரை இல்லாமலே தடை வந்தது. அவர்கள் எதிர்த்தார்கள். பொலிஸ் துப்பாக்கிச் சூட்டில் பலர் உயிரிழந்தார்கள்.

எருமைகள் போன பிறகு, நீரோரத்தில் வளரும் ஒருவகைப் புல் கட்டுப்பாடின்றிப் பெருகியது. பஸ்பாலம் என்பது அதன் அறிவியற் பெயர். அதுவரை எருமைகள் அதைத் தின்றும் மிதித்தும் நீரைத் திறந்து வைத்திருந்தன. இப்போது அது பாய் விரித்ததுபோல நீரை மூடியது. வாத்துகள் உட்பட நீர்ப்பறவைகள் பல குறைந்தன.

இதைக் கண்டறிந்தது வேறு யாருமல்ல, சலீம் அலி கட்டி வளர்த்த அதே பம்பாய் சங்கம்தான். 1980இல் தொடங்கிய பத்தாண்டு ஆய்வு, அளவான மேய்ச்சல் அந்த ஈரநிலத்துக்குத் தேவை என்ற முடிவுக்கு வந்தது. அந்த முடிவு வெளியானபோது அவர் உயிருடன் இல்லை. 1987 யூன் 20இல் தனது 90ஆவது வயதில் காலமாகியிருந்தார். பின்னர் புல் வெட்டிச் செல்லக் கிராமத்தவர்களுக்கு அனுமதி கொடுக்கப்பட்டது. இறந்தவர்கள் திரும்பி வரவில்லை.

இதனால் அவருடைய பெயர் சிறுத்துவிட்டது என்று நான் நினைக்கவில்லை. அவர் இல்லாவிட்டால் பரத்பூர் இன்று வயலாகவோ குடியிருப்பாகவோ இருந்திருக்கலாம். தங்கள் முன்னோடியின் கருத்துக்கு எதிரான உண்மையைச் சொல்லத் துணிந்த ஆய்வாளர்களும் அவர் உருவாக்கிய மரபில் வந்தவர்களே. நேரில் பார்த்து எண்ணிக் குறிக்காமல் எதையும் நம்பாதே என்பதுதான் அந்த மரபு. ஆனால் தடை வந்த நாளில் எருமைகளின் வேலை என்ன என்று யாரும் எண்ணிப் பார்க்கவில்லை. மேய்ப்பவர்களிடம் கேட்கவும் இல்லை.

மன்னார் வங்காலை 2008இல் சரணாலயமாகி, 2010இல் ராம்சார் ஈரநிலமானது. ஜனவரி மாதமொன்றில் நான் அங்கே சென்றபோது, ஊசிவால் வாத்துகள் மிதந்த நீருக்கு அருகிலேயே மாடுகள் மேய்ந்துகொண்டிருந்தன. அவை அங்கே நன்மை செய்கின்றனவா, கெடுதல் செய்கின்றனவா என்பது பரத்பூரை வைத்து முடிவு செய்யக்கூடியதல்ல. அங்கேயே ஆண்டுக்கணக்கில் அளந்துதான் சொல்ல வேண்டும். எல்லைக்கல் நடுவதற்கு முன்பே அந்த அளவீடு நடக்க வேண்டும். மாடு மேய்ப்பவரும் வலை வீசுபவரும் அதில் சாட்சிகளாக இருக்க வேண்டும்.