குணச்சித்திரக் கோமான் டி. எஸ். பாலையா

நாடகம் என்றதும் நம் நினைவில் வந்து நிற்பவன் கதாநாயகன். சுவரொட்டியில் அவன் முகமே பெரிது; கைதட்டலில் அவன் பங்கே மிகுதி. ஆயினும், கெடுப்பவன் இல்லையேல் காப்பவனுக்குப் பெருமை ஏது? கண்டிக்கும் தந்தை இல்லையேல் காதலுக்குச் சுவை ஏது? கதையின் அந்த மறுபாதியை ஏறத்தாழ 35 ஆண்டுகள் தமிழ்த் திரையில் தம் தோள்மீது சுமந்தவர் டி. எஸ். பாலையா.

மேடை தந்த பதம்

1914 ஆம் ஆண்டு திருநெல்வேலிச் சீமையில் பிறந்த பாலையா, இளமையிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். அந்நாளைய கம்பெனி வாழ்க்கை எளிதானதன்று. ஒரே கூரையின்கீழ் உண்டு, உறங்கி, பாட்டும் வசனமும் மனப்பாடம் செய்ய வேண்டும். ஒலிபெருக்கி பரவாத காலம். கடைசி வரிசையில் இருப்பவன் காதுக்கும் குரல் எட்ட வேண்டும். இன்று சேவகன், நாளை மந்திரி என்று எந்த வேடம் கொடுத்தாலும் ஏற்க வேண்டும்.

ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டுப் பகுதிகளில் வளர்ந்த நமக்கு ஒன்று தெரியும். பச்சைத் தோல் ஒரே நாளில் பதமாவதில்லை. நீரில் ஊறவைத்து, சுண்ணாம்பில் இட்டு, மயிர் களைந்து, ஆவாரம்பட்டைச் சாற்றில் நாட்கணக்கில் கிடத்தித்தான் நம் முன்னோர் அதைப் பதனிட்டனர். பாலையாவைப் பதனிட்ட தொட்டி, நாடக மேடை!

வில்லனாக வந்தவர்

1936 இல் வெளிவந்த ‘சதிலீலாவதி’ அவருடைய முதற்படம். எஸ். எஸ். வாசன் எழுதிய கதையை, அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கினார். எம். ஜி. ஆர். திரைக்கு அறிமுகமானதும் அதே படத்தில்தான்; கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனும் அதில் நடித்தார். 21 வயது இளைஞர் பாலையாவுக்குக் கிடைத்ததோ வில்லன் வேடம். அடுத்த ஆண்டு, டங்கன் இயக்கிய ‘அம்பிகாபதி’யில் பாகவதருக்கு எதிரியாக, ருத்ரசேனனாக வந்து வாள் வீசினார். வில்லன் பாலையா என்ற பெயர் நிலைத்தது.

அப்பெயரோடு அவர் நின்றுவிட்டாரா? இல்லை. 1949 இல் அறிஞர் அண்ணாவின் ‘வேலைக்காரி’ படமானபோது, பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தனுக்கு நிதானம் கற்பிக்கும் நண்பன் மணியானார். 1954 இல் ‘தூக்குத் தூக்கி’யில் கொச்சைத் தமிழ் பேசும் சேட்டாக வந்து சிரிக்க வைத்தார். 1959 இல் ‘பாகப்பிரிவினை’யில் மனைவியின் பேச்சுக்கும் தம்பியின் பாசத்துக்கும் இடையே தவிக்கும் அண்ணனாகக் கலங்க வைத்தார்.

ஐம்பதில் பூத்த புகழ்

வயது ஏறினால் வாய்ப்புக் குறைவது கலையுலக வழக்கம். பாலையாவுக்கோ 50 ஆம் வயதில் ஒரு புது வசந்தம் பிறந்தது. 1964 இல் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ வந்தது. மகனாக வரும் நாகேஷ் பேய்க்கதை ஒன்றை விவரிக்கிறார். எதிரில் அமர்ந்து கேட்பவர் பாலையா. அக்காட்சியில் அவருக்கு வசனம் மிகக் குறைவு. விழியும், மூச்சும், நடுங்கும் உடலுமே பேசுகின்றன. கேட்பதும் நடிப்பே என்பதை அதைவிடத் தெளிவாக யார் கற்பிக்க முடியும்?

மறு ஆண்டு ஏ. பி. நாகராஜனின் ‘திருவிளையாடல்’. அதில் ஹேமநாத பாகவதராக, பாண்டிய நாட்டையே இசையால் வெல்ல வந்த செருக்கு அவர் நடையிலேயே தெரியும். பாடிய குரல் பாலமுரளி கிருஷ்ணாவுடையது. அக்குரலுக்கு உடல் தந்தவர் பாலையா. விறகு விற்பவன் பாட்டைக் கேட்டு அச்செருக்கு கரையும்போது, சிரித்துக்கொண்டிருந்த நமக்கு அவர்மேல் இரக்கமும் பிறக்கிறது. 1967 இல் ‘பாமா விஜயம்’ படத்தில் மூன்று மகன்களுக்குப் புத்தி புகட்டும் தந்தையானார். 1968 இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில் முத்துராக்கு. தோல் கட்டிய தவிலை முழக்கி, நாதசுரக்காரர் சண்முகசுந்தரத்தின் கோபத்துக்கும் வேதனைக்கும் துணை நின்ற அவரை யார் மறப்பார்?

1972 ஜூலையில் பாலையா மறைந்தார். அவருக்கு வயது 57.

நமக்கு உரைப்பது என்ன?

கல்லூரி விழாவுக்கு நாடகம் போடும்போது அரசன் வேடத்துக்குப் பத்துப் பேர் முன்வருகிறோம். வாயிற்காப்போனாக ஒருவர் கிடைப்பது அரிது. வாழ்க்கையிலும் அப்படித்தான், முதலிடம் கிடைக்கவில்லை என்றதும் முயற்சியையே கைவிடுகிறோம். சுவரொட்டியின் நடுவிடம் பெரும்பாலும் பாலையாவுக்குக் கிட்டியதில்லை. கொடுத்த இடத்தைக் குறைவாக அவர் எண்ணவுமில்லை. நண்பர்களே, இடம் சிறிதாகலாம். அதில் நாம் காட்டும் உழைப்பு சிறிதாகலாமா?