ஓசையால் பேசிய நடிகர்

பிரெஞ்சுத் திரைப்படங்களை அணுகும் நம்மவர்க்கு முதலில் தடையாக நிற்பது மொழியே. அத்தடையின்றி நாம் நுழையத்தக்க வாயில் ஒன்றுண்டு: ஜாக் தாத்தியின் படங்கள். நடிகராகவும் நெறியாளராகவும் விளங்கிய இவர், தம் படங்களின் ஒலியையும் தாமே வகுத்தவர்.

1907இல் பாரிசுக்கு அண்மையிலுள்ள லு பெக்கில் பிறந்தார். தந்தைவழிப் பாட்டனார் ருஷ்யர். குடும்பப் பெயர் தாத்திஷெஃப். படச்சட்டம் செய்யும் குடும்பத் தொழிலைக் கைவிட்டு, விளையாட்டு வீரர்களை அபிநயித்துக் காட்டும் ஊமைக்கூத்தராக மேடையேறினார். உடலாற் பேசக் கற்றவருக்குப் பின்னர் வசனம் பெரிதாகத் தேவைப்படவில்லை.

படப்பிடிப்பு முடிந்தபின் ஒலிக்கூடத்தில் அமர்ந்து, காலடி, கதவு, கதிரை என ஒவ்வொன்றிற்கும் உரிய ஓசையைத் தேடிச் சேர்ப்பது அவர் வழக்கம். 1953இல் வெளிவந்த 'முசியே உலோவின் விடுமுறை'யின் தொடக்கத்தில், புகையிரத நிலைய ஒலிபெருக்கி ஏதோ உளறுகிறது. பயணிகள் மேடைக்கு மேடை ஓடுகின்றனர். பிரெஞ்சுக்காரருக்கே பிரெஞ்சு விளங்காத அக்காட்சி நமக்குச் சற்று ஆறுதலளிப்பதை மறைப்பானேன்? தாத்தி ஏற்ற உலோ என்னும் பாத்திரமோ, வாயிற் சுங்கானுடன் தன் பெயரைச் சொல்லவே இடர்ப்படுகின்றது.

1958இல் வந்த அடுத்த படத்தை 'என் தாய்மாமன்' என்றே நாம் அழைக்கவேண்டும். அதில் உலோ, சிறுவனின் அன்னையோடு உடன்பிறந்தவர். அதற்கு ஒஸ்கார் விருதும் கிடைத்தது.

அவரது பெரும் படைப்பு 1967இல் வெளியான 'பிளேடைம்'. இதற்கெனப் பாரிசின் புறத்தே கண்ணாடியும் உருக்குமான ஒரு நகரையே எழுப்பினார். அதில் உலோ ஓர் அலுவலரைக் காணக் காத்திருக்கிறார். நீண்ட நடைகூடத்தின் கோடியிலிருந்து காலடியோசை வருகிறது, வந்துகொண்டேயிருக்கிறது. கரிய கதிரை, அமர்ந்தால் பெருமூச்செறிந்து அமிழ்கிறது. எழுந்தால் மீண்டும் ஒலித்து நிமிர்கிறது. பல மொழிப் பேச்சுகளும் முணுமுணுப்பாகவே கேட்கின்றன. இலக்கத் துண்டைக் கையிலேந்தி அலுவலக மண்டபங்களில் நாட்கழித்த எம்மவர்க்கு இக்காட்சியை எவரும் விளக்கவேண்டியதில்லை.

படம் வசூலில் தோற்றது. கடன் மூண்டது. வீட்டை இழந்தார், தம் படங்களின் உரிமையும் கைநழுவிற்று. 1971இல் 'திராஃபிக்', 1974இல் 'பராட்' ஆகியவற்றை ஆக்கினாராயினும் பழைய வளம் திரும்பவில்லை. 1982 நவம்பரில் மறைந்தார்.

'பிளேடைம்' புதுப்பிக்கப்பட்டு 2002இல் கான் விழாவில் 70 மில்லிமீற்றர் வடிவில் திரையிடப்பட்டது. இதனைத் திரையரங்கிலேயே பார்க்குமாறு வாசகரைக் கேட்டுக்கொள்வோம். வீட்டுத் தொலைக்காட்சியில் அக்கதிரையின் பெருமூச்சுப் பாதிகூடக் கேட்காது.