தீர்ப்புகளை அச்சில் ஏற்றிய இராமநாதன்

புல்மோட்டையில் காணிப் பேச்சு எடுத்தால் முதலில் வெளியே வருவது பொலித்தீன் பையில் சுற்றிவைத்த கடதாசிகள்தான். பெர்மிட், பழைய உறுதி, வரி கட்டிய பற்றுச்சீட்டு. வனம் என்றும் தொல்லியல் இடம் என்றும் எல்லைக்கல் போடப்பட்ட காணிக்கு வேறு சாட்சி இல்லை. 1984இல் ஊரைவிட்டு ஓடிய பக்கத்துத் தென்னமரவடிச் சனத்தில் பலருக்கு அந்தக் கடதாசியும் இல்லை. இப்படியான வழக்குகளைப் பற்றி எழுதும்போது சட்டத்தரணிகளிடம் நான் கேட்கும் முதல் கேள்வி, இதுபோல முன்னர் ஒரு தீர்ப்பு வந்திருக்கிறதா என்பதே. அதற்கு அவர்கள் புரட்டுவது சட்ட அறிக்கைகளை. அந்தத் தொகுதிகளின் தொடக்கத்தில் சேர். பொன்னம்பலம் இராமநாதனின் பெயர் இருக்கிறது.

எங்களுக்குத் தெரிந்த இராமநாதன் வேறு ஆள். தலைப்பாகை கட்டிய தலைவர், மருதனார்மடத்துப் பெண்கள் கல்லூரியை நிறுவியவர், கொச்சிக்கடைச் சிவன் கோயிலைக் கருங்கல்லில் எழுப்பியவர். 1921இல் அவர் தொடங்கிய பரமேஸ்வராக் கல்லூரியின் வளவில்தான் இன்று யாழ்ப்பாணப் பல்கலைக்கழகம் நிற்கிறது. தீர்ப்புகளைத் தேடித் திரிந்த இளம் அப்புக்காத்தைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை.

1851 ஏப்ரலில் கொழும்பில் பிறந்தவர். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, சேர். றிச்சர்ட் மோர்கனிடம் சட்டம் பயின்று, 1870களில் அப்புக்காத்தானார். அன்றைய நிலைமையைச் சொன்னால்தான் அவர் செய்த வேலை விளங்கும். நீதியரசர் தீர்ப்பை எழுதி வாசிப்பார். அது பதிவேட்டில் போய்ச் சேரும். யாராவது எடுத்து அச்சிடாவிட்டால் அந்த இரண்டு தரப்பைத் தவிர வேறு எவருக்கும் அதனால் பயனில்லை. உரோமன்-டச்சுச் சட்டம், தேசவழமை, கண்டியச் சட்டம், இஸ்லாமியச் சட்டம் எல்லாம் ஒரே தீவில் ஓடிய காலம் அது. முந்தைய தீர்ப்பு கையில் இல்லாத வழக்காளி, நீதியரசரின் மனப்போக்கை நம்பித்தான் நிற்க வேண்டும்.

அவருக்கு முன்னரும் சிலர் முயன்றார்கள். 1862இல் முத்துக்கிருஷ்ணா என்ற அப்புக்காத்து தேசவழமையை நீதிமன்றத் தீர்ப்புகளோடு சேர்த்து அச்சிட்டார். 1856 முதல் 1859 வரையான வழக்குகளை லொறென்ஸ் வெளியிட்டிருந்தார். ஆனால் இடையிடையே பெரிய வெற்றிடங்கள். இராமநாதன் அவற்றுக்குள் இறங்கினார். 1820இலிருந்து 1833 வரை, 1843இலிருந்து 1855 வரை, 1863இலிருந்து 1868 வரை என்று பழைய பதிவுகளைத் தோண்டித் தொகுதிகளாக்கினார். தன் காலத்து வழக்குகளையும் 1877 வரை கொண்டுவந்தார்.

இது வெறுமனே படியெடுக்கும் வேலையல்ல. நூறு வழக்கில் எது புதிதாக ஒன்றைச் சொல்கிறது என்று தெரிய வேண்டும். நடந்ததைச் சுருக்கி, இரு தரப்பு வாதத்தையும் ஒழுங்குபடுத்தி, தீர்ப்பின் சாரத்தைத் தலைக்குறிப்பாகச் சில வரியில் எழுத வேண்டும். அந்த வரி பிசகினால் பிறகு வருகிற வழக்கும் பிசகும். நான் ஊடகம் படித்தவள். செய்தியில் தலைப்பு போடுவதற்கும் இதற்கும் உறவிருக்கிறது என்பேன். எங்கள் தலைப்பு மறுநாள் மறைந்துவிடும், அவ்வளவுதான் வித்தியாசம்.

1879இல் மாமன் முத்துக்குமாரசுவாமி இறந்ததும், 28 வயதில் சட்ட நிரூபண சபைக்குப் போனார். 1892இல் சொலிசிட்டர் ஜெனரல். அந்தப் பதவியில் இருந்துகொண்டே புதிய சட்ட அறிக்கைகள் என்ற வரிசைக்கு முதல் பதிப்பாசிரியரானார். 1978இல் இலங்கைச் சட்ட அறிக்கைகள் தொடங்கும்வரை அந்த வரிசைதான் நாட்டின் நீதிமன்றங்களுக்கு அடிப்படை.

புல்மோட்டை முஸ்லிம் ஊர். இங்கே அவர் பெயரைச் சொன்னால் படித்தவர்களுக்கு வேறொரு ஞாபகம் வரும். 1888இல் றோயல் ஏசியாற்றிக் சங்கத்தில், இலங்கைச் சோனகர் இனத்தால் தமிழரே என்று கட்டுரை வாசித்தார். சபையில் முஸ்லிம்களுக்குத் தனி ஆசனம் வேண்டும் என்ற பேச்சு எழுந்திருந்த நேரம் அது. அடுத்த வருடம் ஆசனம் கிடைத்தது. 1907இல் ஐ. எல். எம். அப்துல் அஸீஸ் அவருக்கு விரிவாக மறுப்பு எழுதினார். தீர்ப்பைத் தொகுக்கும்போது இரு தரப்பு வாதத்தையும் பதிந்த மனிதர், இந்தக் கட்டுரையில் மறுதரப்பை அழைக்கவே இல்லை என்பது என் அபிப்பிராயம். தமிழர்-முஸ்லிம் உறவில் அந்தக் காயம் ஆறவில்லை.

1915 கலவரம் அதை இன்னும் ஆழமாக்கியது. கடைகளை இழந்தவர்கள் முஸ்லிம்கள். பிறகு இராணுவச் சட்டத்தின் கீழ் சிங்களவர் பலர் விசாரணையின்றிச் சுடப்பட்டார்கள். இராமநாதன் இரண்டாவது அநியாயத்தைக் கையிலெடுத்தார். உலகப்போர் நடுவே கப்பலேறி லண்டன் போனார். சம்பவங்களையும் ஆவணங்களையும் அடுக்கி 1916இல் அங்கே புத்தகமாகவும் வெளியிட்டார். பழைய தொகுப்பாசிரியரின் கை அதில் தெரிகிறது. முதலாவது அநியாயத்துக்கு அந்தக் கை நீளவில்லை. திரும்பி வந்தவரைச் சிங்களத் தலைவர்கள் வண்டியில் ஏற்றித் தாங்களே இழுத்துச் சென்றார்கள்.

கடைசிக் காலத்தில் டொனமூர் திட்டத்தை எதிர்த்தார். சிறுபான்மைக்குப் பாதுகாப்பில்லை என்றது சரியாகவே போயிற்று. எல்லாருக்கும் வாக்கு என்பதையும் சேர்த்து எதிர்த்ததை என்னால் நியாயப்படுத்த முடியாது. 1930 நவம்பரில் காலமானார்.

அவர் தொகுத்தவை எல்லாம் ஆங்கிலத்தில். புல்மோட்டை மீனவர் ஒருவருக்கோ தென்னமரவடி விவசாயிக்கோ அவை சட்டத்தரணியின் வாய்வழியாகவே இன்றும் வந்து சேர வேண்டும். வாதம் எழுதும்போது சட்டத்தரணிகள் அவருடைய முழுப் பெயரையும் எழுதுவதில்லை. ராம். என்று ஒரு சுருக்கம், பக்கத்தில் அடைப்புக்குள் ஆண்டு, பிறகு பக்க எண்.