இராமலிங்க சுவாமிகளும் கையாந்தகரையும்

சித்தர்கள் ஒரு பூண்டின் சாற்றினாலே செம்பையும் இரும்பையும் பொன்னாக்கினார்கள் என்னுங் கதையைக் கேட்டே நம் நாட்டுச் சிறுவர்கள் பாடசாலைக்கு வருகின்றார்கள். அவர்களுள் ஒருவன் எழுந்து, அஃது உண்மையோ என்று ஆசிரியரை வினாவுதலும் உண்டு. முழுதும் பொய்யென்று தள்ளிவிடின், பிள்ளை தன் முன்னோரை இகழக் கற்றுக்கொள்ளும். முழுதும் மெய்யென்று தழுவிவிடின், ஆராயும் அறிவு மழுங்கும். பின்னாளிலே பொன் செய்து தருவோமென்று வரும் வஞ்சகர் கையிலும் அப்பிள்ளை அகப்படும். இவ்விரு குற்றமும் நேராவண்ணம் விடை கூறுதற்கு இராமலிங்க சுவாமிகளுடைய சரித்திரம் பெருந்துணையாதலின், அதனை இங்கே சுருக்கி எழுதுகின்றோம்.

சரித்திரத்துட் புகுமுன், அதனோடு தொடர்புடைய ஒரு பூண்டைப்பற்றிச் சில சொல்லவேண்டும். மருதனார்மடத்தைச் சூழ்ந்த தோட்டக்காணிகளிலே, கிணற்று நீர் ஓடும் வாய்க்கால் ஓரங்களில், ஒருவரும் நடாமலே முளைப்பது கையாந்தகரை. தமிழ்நாட்டார் இதனைக் கரிசலாங்கண்ணி என்றும் கரிசாலை என்றும், வடநூலார் பிருங்கராசம் என்றும் வழங்குவர். வெண்பூவுடையதும் மஞ்சட்பூவுடையதும் என இஃது இருவகைப்படும். மஞ்சட்பூவுடையதற்குப் பொற்றலைக் கையாந்தகரை என்பது பெயர். இக்காலத்துத் தாவர நூலார் இவ்விரண்டையும் வெவ்வேறு இனமாகவே வகுப்பர்.

இப்பூண்டின் குணம் ஒருநிலைப்பட நில்லாது, சேருமிடத்துக்கும் செய்யும் பக்குவத்துக்கும் ஏற்ப மாறும். வெண்பூக் கையாந்தகரையின் இலையைக் கசக்கிப் பிழிந்தாற் சாறு முதலிலே பச்சையாயிருந்து, காற்றுப் பட்டபின் கருமையாகும். எண்ணெயோடு கூட்டிக் காய்ச்சினாற் கூந்தற் றைலமாம். சாற்றிலே துணியைத் தோய்த்துலர்த்தித் திரியாக்கி, எரியும் புகையை ஏனத்திற் பிடித்தாற் கண்ணுக்கிடும் மையாம். கறியாகச் சமைத்தாற் கீரையாம். இரும்போடு சேர்ந்தாற் பாண்டு நோய்க்கு மருந்தாம். அயப்பிருங்கராச கற்பம் என்னுஞ் சித்த மருந்தின் பெயரிலேயே இரும்பும் கையாந்தகரையும் இணைந்து நிற்கின்றன.

இவ்வாறு மாறும் பூண்டைக் கண்டவர்கள், பிற பொருளையும் இது மாற்றிவிடும் என்று எண்ணியது வியப்பன்று. கருநிற இரும்புப் பொடியைச் சாறு விட்டரைத்துப் புடமிட்டுப் பலகால் எரித்தாற் செந்நிறமான செந்தூரம் கிடைக்கின்றது. கருமை செம்மையாயிற்றாயின் செம்மை பொன்மையாதல் எத்துணைத் தூரம் என்று இரசவாதிகள் கருதினார்கள். ஆயின் அங்கே நிகழ்ந்தது யாது? இரும்பு காற்றிலுள்ள பிராணவாயுவோடு கூடிற்று; நிறமும் நிறையும் மாறின; இரும்பு இரும்பாகவே உள்ளே நின்றது. செந்தூரத்தைக் கரியோடு சேர்த்து உலையிற் பெருந்தீயில் இட்டால் மீண்டும் இரும்பு வெளிப்படும். மூலப்பொருள் ஒன்றை வேறொரு மூலப்பொருளாக்கும் வலி எந்த மூலிகைச் சாற்றுக்கும் இல்லையென்பது இக்காலத்து இரசாயன நூலின் முடிபு.

பொன் செய்யும் மூலிகையைத் தேடுதல் தமிழரிடத்து மாத்திரம் இருந்ததன்று. 1030ஆம் ஆண்டளவிலே பாரத நாட்டைப்பற்றி அரபு மொழியிற் பெருநூல் எழுதிய அல்பிரூனி என்னும் அறிஞர், அதிலே ஒரு கதை கூறியிருக்கின்றார். பாற்செடி யினத்ததாய், வெண்பாலுக்குப் பதிலாகச் செம்பால் சுரக்கும் ஒரு செடியைச் சித்தன் ஒருவன் தேடித் திரிந்தான். இடையன் ஒருவன் அதனைக் காட்டிக் கொடுத்தான். சித்தன் தீ வளர்த்து இடையனுடைய நாயை அதிலே எறிய, வெகுண்ட இடையன் சித்தனையே தீயில் தள்ளினான். தீ அவிந்தபின் இருவரும் பொன்னாய்க் கிடந்தார்கள் என்பது கதை. பொன்னைத் தேடியவன் பொன்னானான். அனுபவிக்க அவன் இல்லை. அல்பிரூனி இக்கதைகளை நம்பினாரல்லர். பொன்னாசை கொண்ட அறிவிலா அரசர் இதன்பொருட்டு எக்கொடுமைக்கும் துணிவர் என்று எச்சரித்தார்.

இனிச் சுவாமிகள் சரித்திரத்தைக் கூறுவாம்.

சிதம்பரத்துக்கு வடமேற்கேயுள்ள மருதூரிலே, இராமையா பிள்ளைக்கும் சின்னம்மையாருக்கும் ஐந்தாவது மகவாய், சுபானு வருடம் புரட்டாசி மாதம், 1823ஆம் ஆண்டு ஒற்றோபர் 5ஆந் திகதி, சுவாமிகள் பிறந்தார். குழந்தைப் பருவத்திலேயே தந்தையாரை இழந்தார். குடும்பம் சென்னைக்குப் பெயர்ந்தது. தமையனார் சபாபதி பிள்ளை புராணப் பிரசங்கஞ் செய்து அதனைத் தாங்கினார். இளையவரோ பள்ளிப் படிப்பிலே பற்றின்றிக் கந்தகோட்டத்து முருகப்பெருமான் சந்நிதியிலே பாடிக்கொண்டிருந்தார். முறையாகப் பலகாலம் கற்றிலராயினும், 1851இல் ஒழிவிலொடுக்கம், 1855இல் தொண்டமண்டல சதகம், 1857இல் சின்மய தீபிகை என்னும் நூல்களைப் பதிப்பிக்குமளவுக்குப் புலமை பெற்றிருந்தார். உறவினர் வற்புறுத்த மணம்புரிந்தும் இல்வாழ்க்கையிற் சிந்தை வைத்தாரல்லர்.

1858ஆம் ஆண்டளவிலே சென்னையை விட்டுத் தில்லையை வழிபட்டுக் கருங்குழி யென்னும் ஊரை அடைந்து, அங்கே வேங்கட ரெட்டியார் இல்லத்திலே பல ஆண்டு தங்கினார். 1865இல் சமரச வேத சன்மார்க்க சங்கத்தை நிறுவினார். 1867இல் அவர் பாடல்கள் திருவருட்பா என்னும் பெயரால் அச்சேறின. அப்பெயர்பற்றி நம் நல்லூர் ஆறுமுக நாவலர் அவர்களுக்கும் சுவாமிகள் பக்கத்தார்க்கும் நேர்ந்த வாதமும், 1869இல் மஞ்சக்குப்பம் நீதிமன்றத்தில் நடந்த வழக்கும் யாவரும் அறிந்தவை. திருமுறைகளின் தனிப்பெருமையைக் காத்தல் நாவலர் கருத்து. ஒரே பத்து மாத எல்லைக்குட் பிறந்த அவ்விருவரும், ஒருவர் கல்விக்கும் ஒருவர் பசிப்பிணி தீர்த்தற்கும் தம் வாழ்நாளை ஈந்தனர். நாவலர் வழிநிற்கும் நாம் மற்றவருடைய ஈகையை அறியாதிருத்தல் வேண்டுவதன்று.

சுவாமிகள் மருத்துவத்திலும் வல்லவர். மூலிகைகளின் குணங்களை அட்டவணையாக எழுதிவைத்தார். அன்பர்களுக்கு நாடோறும் உட்கொள்ளும்படி அவர் விதித்தவற்றுள் முதன்மையானது பொற்றலைக் கையாந்தகரை. அதனோடு தூதுவளையும் முசுமுசுக்கையும் சேர்த்துக் கூறினார். விலை கொடுத்து வாங்கவேண்டாத, வேலியிலும் வாய்க்காலிலும் ஏழைகளுக்குக் கிடைக்கும் இலைகள் இவையென்பது கவனிக்கத்தக்கது.

இரசவாதமும் அவருக்குத் தெரியும் என்ற பெயர் அவர் காலத்திலேயே பரவியிருந்தது. அவருடைய மூத்த மாணாக்கரும் சென்னை இராசதானிக் கல்லூரித் தமிழ்ப் பண்டிதருமாகிய தொழுவூர் வேலாயுத முதலியார், 1882இல் பிரமஞான சபையார்க்குக் கொடுத்த வாக்குமூலத்திலே, தம் குருவை இரசவாதம் வல்லவர் என்றே குறித்தார். அவ்வாக்குமூலத்திலேயே, புலால் உண்பாரைத் தம் பார்வையினாலே அதனை வெறுக்கச்செய்யும் ஆற்றல் சுவாமிகளுக்கு இருந்ததென்றும் கூறினார். இரும்பு பொன்னாதலினும் இது பெரிய மாற்றமன்றோ!

அன்பர் வழிவழியாகக் கூறும் வரலாறு மற்றொன்றுண்டு. இரசவாதத்திலே வேட்கை கொண்ட ஒருவருக்குச் சுவாமிகள் இரும்பைப் பொன்னாக்கிக் காட்டி, அப்பொழுதே அதனை எறிந்துவிட்டு, ஆசையற்றவனுக்கன்றி இது கைகூடாதென்று உணர்த்தினார் என்பர். இதனைக் கேள்வியாகக் கொள்வதன்றி, நிகழ்ச்சியென்று நாட்ட நாம் புகவில்லை. ஆயினும் ஆசிரியர்கள் ஒன்று நோக்குக. இது நிகழ்ந்ததாயின், பொன்னைச் செய்தவரே அதனை எறிந்தார். இது கட்டிய கதையாயின், கட்டியவர்களும் சுவாமிகள் கையிலே அப்பொன்னை இருத்தத் துணிந்திலர். எவ்வாற்றானும் அவருக்குப் பொன் வேண்டியதன்று என்பதே துணிபு.

அவருக்கு வேண்டியது யாது என்பதை வடலூர் காட்டும். பார்வதிபுரத்தார் கொடுத்த எண்பது காணி நிலத்திலே, பிரபவ வருடம் வைகாசி மாதம், 1867ஆம் ஆண்டு மே மாதம் 23ஆந் திகதி, சத்திய தருமச்சாலையைத் தொடங்கினார். சாதி மதம் வினவாது பசித்து வந்தார் யாவர்க்கும் அங்கே சோறிடப்பட்டது. அன்று மூட்டிய அடுப்பு இன்றுவரை அவியாது பேணப்படுகின்றது. பசியினால் முகங் கருகி வந்தவன் உண்டு முகமலர்ந்து செல்லும் மாற்றத்தை அவ்வடுப்பு நாடோறும் செய்துவருகின்றது. இதற்கு மறைபொருளான மூலிகை ஒன்றும் வேண்டுவதில்லை; அரிசியும் நீரும் நெருப்பும் இரக்கமும் போதும்.

பொன் என்னுஞ் சொல்லைச் சுவாமிகள் விட்டுவிடவுமில்லை. ஞானநெறியில் உயர்வார் அடையும் உடம்பு சுவர்ண தேகம், பிரணவ தேகம், ஞான தேகம் என மூவகைப்படுமென்று அவர் உபதேசித்தார். பொன்னுடம்பு அவற்றுள் முதற்படி மாத்திரமே. அதற்கு வழியாக அவர் வற்புறுத்தியது சீவகாருணிய ஒழுக்கம். இரசவாதிகள் உலையிலே தேடிய பொன்னை அவர் உயிரிரக்கத்திலே தேடினார். உலோகத்துக்கு இடப்பட்ட பூண்டை மனிதன் உடம்புக்கு இட்டார். கையாந்தகரை மாறவில்லை, அதனைப் பறித்த கையின் நோக்கம் மாறிற்று.

பிரசோற்பத்தி வருடம் தைப்பூசத்திலே, 1872ஆம் ஆண்டு சனவரி 25ஆந் திகதி, வடலூரிலே சத்திய ஞானசபையிற் சோதி வழிபாடு தொடங்கியது. தமக்கு உறைவிடமாக அவர் கொண்டது அயலிலுள்ள மேட்டுக்குப்பம். ஸ்ரீமுக வருடம் தை மாதம், 1874ஆம் ஆண்டு சனவரி 30ஆந் திகதி, அங்கே ஓர் அறையினுட் புகுந்து கதவைத் திறவற்க என்று பணித்தார். பின்பு அவரைக் கண்டாரில்லை. 1878இல் வெளிவந்த தென்னார்க்காட்டு மாவட்ட நூலிலே அரசாங்க அதிகாரியாகிய கார்ஸ்டின் என்பவரும் இதனைக் குறித்துள்ளார். அன்பர்கள் அவர் ஒளியுடம்பு பெற்றார் என்பர். அடுத்த சில ஆண்டுகளிலே, 1876 முதல் 1878 வரை, சென்னை மாகாணத்திலே கொடிய பஞ்சம் வந்தது. பொன்னைத் தின்ன இயலாதென்பதையும், அடுப்பின் அருமையையும் அப்பஞ்சம் உலகுக்குப் போதித்தது.

இனி, வகுப்பிலே எழுந்து வினாவிய சிறுவனுக்கு ஆசிரியர் செய்யத்தக்கது யாது? அவனை வாய்க்காலோரத்துக்கு அனுப்பிக் கையாந்தகரை பறித்துவரச் செய்க. இலையைக் கசக்கி, சாறு கருக்குமாற்றை அவன் கண்ணாலே காணச் செய்க. நனைந்த இரும்பாணி துருவேறிச் சிவப்பதையும் காட்டி, நிறம் மாறுவது வேறு, பொருள் மாறுவது வேறு என்று தெளிவிக்க. இரசமும் பாடாணமும் நஞ்சாதலின் அவற்றைத் தீண்டலாகாது என்றும், புடமிட்ட மருந்துகளைத் தேர்ந்த வைத்தியர் கையாலன்றி உண்ணலாகாது என்றும் கண்டிப்பாகச் சொல்லுக. அதன்பின் வடலூர் அடுப்பின் கதையைச் சொல்லுக. முன்னோரை இகழாமலும், அறிவை அடகு வையாமலும் பிள்ளை இரண்டையும் ஒருங்கே பெறும்.

மருதனார்மடத்திலேயே இதற்கு உறுசான்று உண்டு. சேர் பொன்னம்பலம் இராமநாதன் அவர்கள் 1913ஆம் ஆண்டு தம் பொருளைச் செலவிட்டு அங்கே சைவப் பெண்பிள்ளைகளுக்குக் கல்லூரி அமைத்தார். பொன் அறிவாக மாறிய இரசவாதம் அது. ஆசிரியர் ஒவ்வொருவரும் தம் வகுப்பிலே காலையுணவின்றி வாடிய முகத்தோடு இருக்கும் பிள்ளை யாதென நாடோறும் ஒருமுறை நோக்குவாராக. அதன் பசியை ஆற்றியபின் பாடத்தைத் தொடங்குவாராயின், சுவாமிகள் கற்பித்த வித்தையை அவரும் கற்றவராவர்.