பனிநாட்டு வாழ்வைப் படம்பிடித்தவர்

மக்கள் வாழ்வை ஏட்டில் எழுதி வைத்தோர் பலர். தொலைநாட்டு எளிய குடும்பத்தாரின் வாழ்வைத் திரையில் வடித்து, உலகத்தார் கண்முன் நிறுத்தியோர் சிலரே. அச்சிலருள் முன்வைத்து எண்ணத்தக்கவர் இராபர்ட் பிளாகர்ட்டி.

இவர் 1884ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 16ஆம் நாள், அமெரிக்க ஐக்கிய நாடுகளைச் சேர்ந்த மிச்சிகன் மாநிலத்தில், அயர்ன் மவுண்டன் என்னும் ஊரில் பிறந்தார். தந்தையார் சுரங்கத் தொழிலில் ஈடுபட்டவர். கனிவளம் நாடிக் காடுகளில் திரிந்த தந்தையாருடன் இளமையிலேயே சென்றமையால், பள்ளிக் கல்வியினும் நாட்டறிவே இவருக்கு மிகுதியாக வாய்த்தது. 1910ஆம் ஆண்டு, கனடாவின் வடபால் உள்ள அட்சன் விரிகுடாப் பகுதியில் இரும்புத்தாது தேடும் பணியை மேற்கொண்டார். எஸ்கிமோவர் என்று பிறரால் அழைக்கப்பெற்ற இனுவிட் மக்களே அங்கு இவருக்கு வழிகாட்டிகளாயும் உற்ற துணைவராயும் விளங்கினர். அவர்கள்பால் கொண்ட நன்றியே பின்னாளில் கலையாக மலர்ந்தது.

1913ஆம் ஆண்டு முதல் படக்கருவியையும் உடன்கொண்டு சென்று அம்மக்களின் வாழ்வைப் படம்பிடித்தார். ஆனால் 1916ஆம் ஆண்டு, டொரண்டோ நகரில் இவர் கைநழுவி விழுந்த வெண்சுருட்டின் நெருப்பு, ஏறத்தாழ 30,000 அடி நீளமுள்ள படச்சுருளை எரித்துவிட்டது. எஞ்சிய ஒரு படியை ஆராய்ந்தபோது, அதன் காட்சிகள் தம்முள் தொடர்பின்றிக் கிடத்தலை உணர்ந்தார். ஒரு மனிதனையும் அவன் குடும்பத்தையும் நடுவாக வைத்தாலன்றி ஓர் இனத்தின் வாழ்வு விளங்காது எனத் தெளிந்தார். தீயால் நேர்ந்த இழப்பே இவருக்கு ஆசிரியனாயிற்று.

1920ஆம் ஆண்டு, தோல் வாணிகம் செய்த பிரெஞ்சு நிறுவனம் ஒன்றின் பொருளுதவியுடன் மீண்டும் வடக்கே சென்றார். எடுத்த படங்களை அங்கேயே கழுவி, அம்மக்களுக்கே முதலில் காட்டினார். அவர்களும் உடனுழைப்பாளராயினர். 1922ஆம் ஆண்டு வெளிவந்த ‘வடபுலத்து நானூக்’ உலகப் புகழ் எய்தியது. பின்னர்த் தம் மனைவி மக்களுடன் சமோவாத் தீவில் தங்கி, ‘மோவானா’ என்னும் படத்தை எடுத்து 1926இல் வெளியிட்டார். அப்படத்தைப் பற்றி எழுதுங்கால் கிரீயர்சன் என்னும் அறிஞர் ஆண்ட சொல்லே, ஆவணப்படம் என இன்று நாம் கூறும் வகைக்கு ஆங்கிலத்தில் பெயராக நிலைத்தது. 1934இல் அயர்லாந்தின் ஆரன் தீவைப் பற்றிய படம் வெளிவந்தது. 1937இல் வெளிவந்த ‘யானைச் சிறுவன்’ என்னும் படத்திற்காக மைசூருக்கும் இவர் வந்தார். அதில் நடித்த சாபு, யானைப்பாகன் ஒருவனின் மகனாவான்.

எனினும் இவர் படைப்புகளின்மேல் ஒரு குறை சாற்றப்படுகிறது. நானூக் என்பது அவ்வேடனின் இயற்பெயர் அன்று. அவனுடைய உண்மைப் பெயர் அல்லகாரியல்லாக். படத்தில் தோன்றும் மனைவி மக்களும் அவனுக்கு உரியவர் அல்லர். துப்பாக்கி வழங்கிய காலத்தில், முன்னோர் முறைப்படி எறியீட்டியால் வேட்டையாடுமாறு செய்தார். ஆரன் தீவிலும், பல்லாண்டுகட்கு முன்பே கைவிடப்பட்ட சுறா வேட்டையைப் புதிதாகக் கற்பித்தே படமெடுத்தார். மறையும் மரபைக் காக்கும் வேட்கையால், மாறிவந்த வாழ்வை மறைத்தார் என்பர் அறிஞர்.

1951ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 23ஆம் நாள் பிளாகர்ட்டி இயற்கை எய்தினார். அமெரிக்க நாடு போற்றிக் காத்தற்கென 1989இல் முதன்முதலாகத் தேர்ந்த 25 படங்களுள் ‘நானூக்’கும் ஒன்றாயிற்று.

பிறர் வாழ்வை எடுத்துரைக்கப் புகுவோர்க்கு அன்பும் வாய்மையும் இரு கண்களாம். அன்பிற்குப் பிளாகர்ட்டி சிறந்த எடுத்துக்காட்டு. வாய்மை எத்துணை அருமையுடையது என்பதையும் அவர் வரலாறே நமக்கு உணர்த்துகின்றது.