பாண்டி பஜார் பெயருக்கு உரியவர்: சாதித் தடையைப் பேருந்து உரிமத்தால் தகர்த்த சௌந்தரபாண்டியனார்

சென்னை: தியாகராய நகரின் பாண்டி பஜாரில் பொருள் வாங்கச் செல்வோரில் பலர், அந்தப் பெயர் புதுச்சேரியிலிருந்து வந்தது என்றே எண்ணுகின்றனர். உண்மையில் அது ஒரு மனிதரின் பெயர். காபித் தோட்ட அதிபரும், சென்னை மாகாணச் சட்ட மேலவையின் உறுப்பினருமாக விளங்கிய டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியனாரின் பெயரே மக்கள் வழக்கில் பாண்டி பஜார் எனச் சுருங்கியது. முறையான பெயரான சௌந்தரபாண்டியனார் அங்காடி, பலகையில் இருக்கிறதே தவிர, பேச்சில் இல்லை.

நீதிக்கட்சியின் முன்னணித் தலைவர், சுயமரியாதை இயக்கத்தின் முதல் மாகாண மாநாட்டுத் தலைவர் என அவரை நினைவுகூரக் காரணங்கள் பல உண்டு. எனினும், இராமநாதபுரம் மாவட்ட வாரியத் தலைவராக இருந்தபோது அவர் பிறப்பித்த ஒரு நிர்வாக உத்தரவுக்கு இணையாக வேறொன்றைக் கூற இயலாது.

சௌந்தரபாண்டியனார் 1893 செப்டம்பர் 15 அன்று, இன்றைய திண்டுக்கல் மாவட்டத்தில் உள்ள பட்டிவீரன்பட்டியில் பிறந்தார். தந்தை பெயர் அய்யநாடார். கீழ்ப்பழனி மலைகளின் அடிவாரத்தில் அமைந்த இவ்வூர், மலைத்தோட்டங்களில் விளையும் காபி, ஏலக்காய் ஆகியவற்றின் வணிகத்தால் வளர்ந்தது. தோட்டத்தொழிலில் செல்வம் சேர்த்த குடும்பங்கள் இங்கு பல. அவற்றில் ஒன்றின் வாரிசு அவர்.

ஆனால், செல்வம் இருந்தும் கோயிலுக்குள் நுழைய முடியாத காலம் அது. 1897ஆம் ஆண்டு கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தது வழக்காக மாறியது. கீழமை நீதிமன்றம், சென்னை உயர் நீதிமன்றம் எனச் சென்ற அவ்வழக்கில், 1908இல் இலண்டன் பிரிவி கவுன்சிலும் அவர்களுக்கு எதிராகவே தீர்ப்பளித்தது. இடையில், 1899இல் சிவகாசிக் கலவரம் நிகழ்ந்தது. கலவரத்தின்போது சௌந்தரபாண்டியனாருக்கு வயது ஆறுகூட நிறையவில்லை. இறுதித் தீர்ப்பு வந்தபோது அவர் பள்ளிப் பருவத்தில் இருந்தார்.

திருவிதாங்கூரின் தென்பகுதியில், இன்றைய பாறசாலை, நெய்யாற்றின்கரை தொடங்கி நாகர்கோவில் வரை வாழ்ந்த இதே சமூகத்தவரின் பெண்கள், மேலாடை அணியும் உரிமைக்காகப் பல பத்தாண்டுகள் போராடி 1859இல் அரச ஆணையைப் பெற்றனர். எல்லைக்கு அப்பாலும் இப்பாலும் போராட்டங்களின் வடிவம் மட்டுமே வேறுபட்டிருந்தது.

1910இல் தொடங்கப்பட்ட நாடார் மகாஜன சங்கம், வழக்காடும் வழியை விடுத்துக் கல்வி, வணிகம், சட்டமன்றப் பிரதிநிதித்துவம் ஆகியவற்றை நோக்கித் திரும்பியது. மாண்டேகு-செம்ஸ்போர்டு சீர்திருத்தத்தின்கீழ் 1920இல் நடைபெற்ற முதல் தேர்தலில் நீதிக்கட்சி ஆட்சிக்கு வந்தது. அக்கட்சியின் தலைவராக அப்போது இருந்தவர் சர் பிட்டி தியாகராயர். இருபத்தேழு வயதில் சௌந்தரபாண்டியனார் மேலவையின் நியமன உறுப்பினரானார். மாகாணச் சட்டமன்றத்தில் நாடார் சமூகத்தின் குரல் ஒலிக்க அது வழிவகுத்தது.

அடுத்த ஆண்டே ஒரு மாற்றம் வந்தது. சங்கத்தின் கோரிக்கையை ஏற்று, 1921ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு முதல் அரசு ஆவணங்களில் சாணார் என்ற பெயர் நீக்கப்பட்டு, நாடார் என்ற பெயர் இடம்பெற்றது. ஒரு சமூகம் நீண்ட காலம் கேட்டுப் பெற்ற பட்டம் அது என்பதை இங்கு மனத்தில் கொள்வது நல்லது.

1924இல் இரட்டைமலை சீனிவாசன் கொண்டுவந்த தீர்மானத்தைச் சென்னைச் சட்ட மேலவை ஏற்றது. பொதுச்சாலைகள், கிணறுகள், பொது இடங்கள் ஆகியவற்றைத் தாழ்த்தப்பட்டோர் பயன்படுத்த எவரும் தடை விதிக்கலாகாது என்பது அதன் சாரம். அரசாணையும் வெளியானது. ஆனால், மாவட்டங்களில் நிலைமை பெரிதும் மாறவில்லை. அப்போது புதிதாகப் பரவிவந்த தனியார் பேருந்துகளில் ஆதிதிராவிடர்களை ஏற்ற மறுத்தனர். சில நிறுவனங்கள் பயணச்சீட்டிலேயே அதனை அச்சிட்டிருந்தன. சாலையில் நடக்கலாம், அதே சாலையில் ஓடும் வண்டியில் ஏற முடியாது என்பதே நடைமுறையாக இருந்தது.

1928இல் இராமநாதபுரம் மாவட்ட வாரியத்தின் தலைவர் பொறுப்புக்கு வந்தார் சௌந்தரபாண்டியனார். மாவட்டச் சாலைகள் வாரியத்தின் பொறுப்பில் இருந்தன. அவற்றில் பேருந்து ஓட்ட வாரியத்தின் உரிமம் தேவைப்பட்டது. அந்த அதிகாரத்தையே அவர் கையில் எடுத்தார். ஆதிதிராவிடர்களை ஏற்ற மறுக்கும் பேருந்துகளின் உரிமம் இரத்து செய்யப்படும் என உத்தரவிட்டார்.

உரிமம் இல்லையேல் வண்டி ஓடாது. வண்டி ஓடாவிட்டால் போட்ட முதல் திரும்பாது. முதலாளிகளிடம் இரக்கத்தை எதிர்பார்க்காமல் அவர்களின் கணக்கேட்டைத் தொட்டது அந்த உத்தரவு. அவரும் ஒரு முதலாளி என்பதால் எங்கே தொட்டால் வேலை நடக்கும் என்பதை அறிந்திருந்தார் எனக் கருத இடமுண்டு. கமுதியும் சிவகாசியும் அதே இராமநாதபுரம் மாவட்டத்தில்தான் இருந்தன என்பது குறிப்பிடத்தக்கது. தன் சமூகத்தவர் நுழையக் கூடாது எனத் தடுக்கப்பட்ட மாவட்டத்தில் அதிகாரத்துக்கு வந்த ஒருவர், அந்த அதிகாரத்தைத் தம்மினும் கீழாக வைக்கப்பட்டிருந்தோருக்காகப் பயன்படுத்தினார்.

1929 பிப்ரவரி 17, 18 ஆகிய நாட்களில் செங்கற்பட்டில் முதல் மாகாணச் சுயமரியாதை மாநாடு அவரது தலைமையில் நடைபெற்றது. பெரியார் ஈ.வெ.ரா. முன்னின்று நடத்திய இயக்கத்தின் பெருங்கூட்டம் அது. பெண்களுக்கு ஆண்களுக்கு இணையான சொத்துரிமை, பெண்ணின் திருமண வயதைப் பதினாறுக்கு மேல் உயர்த்துதல், மணவிலக்கு உரிமை, சாதிப் பட்டங்களைக் கைவிடுதல் உள்ளிட்ட தீர்மானங்கள் நிறைவேற்றப்பட்டன. பெண்களின் சொத்துரிமைக்குத் தமிழகத்தில் சட்ட வடிவம் கிடைக்க அதன்பின் அறுபது ஆண்டுகள் ஆயின.

பட்டத்தைத் துறக்கும் தீர்மானத்தைத் தலைவரே முதலில் கடைப்பிடித்தார். தம் பெயருடன் இருந்த நாடார் என்பதை நீக்கினார். அரசு அந்தப் பெயரை ஏற்று எட்டு ஆண்டுகளே ஆகியிருந்தன. அதனைப் பெறுவதற்காகப் பாடுபட்ட சங்கத்தில் முன்னிலை வகித்தவரே அதனைத் துறந்தது சமூகத்துக்குள் அனைவருக்கும் உவப்பாக இருந்திருக்க வாய்ப்பில்லை.

காலம் விரைவில் வேறு திசையில் சென்றது. 1937 தேர்தலில் நீதிக்கட்சி பெருந்தோல்வி அடைந்தது. அதே தேர்தலில் விருதுநகரைச் சேர்ந்த காமராசர் சாத்தூர் தொகுதியிலிருந்து போட்டியின்றிச் சட்டமன்றத்துக்குள் நுழைந்தார். நாடார் சமூக இளைஞர்கள் காங்கிரசின் பக்கம் திரும்பினர். செல்வர்களின் கட்சி என்ற பெயரை நீதிக்கட்சி இறுதிவரை களைய முடியவில்லை. தோட்ட அதிபரான சௌந்தரபாண்டியனாரும் அந்த விமர்சனத்துக்கு வெளியே இருந்தவர் அல்லர்.

1953 பிப்ரவரி 22 அன்று அவர் காலமானார். அடுத்த ஆண்டு ஏப்ரல் 13 அன்று காமராசர் சென்னை மாநில முதலமைச்சராகப் பதவியேற்றார்.

பாண்டி பஜார் அமைந்துள்ள சாலையின் பெயர் சர் தியாகராயர் சாலை. மேலவைக்குச் சென்ற இளைஞரின் பெயரும், அப்போது கட்சியின் தலைவராக இருந்தவரின் பெயரும் ஒரே தெருவில் உள்ளன. 2019இல் அகலமான நடைபாதைகளுடன் அச்சாலை புதுப்பிக்கப்பட்டது. சௌந்தரபாண்டியனாரின் மார்பளவு சிலையும் அங்கே உள்ளது.