மால்டா தீவில் கிடைத்த பாடம்

வழக்கமான அலுவல் திடீரென்று நின்றுவிட்டால் மனிதன் கலங்கிப் போகிறான். நமது மத்திகிரி, ஓசூர் வட்டாரத்தில் ஆலைச் சம்பளத்தை நம்பி வாழும் குடும்பங்கள் ஏராளம். கதவடைப்பு, ஆட்குறைப்பு என்று வேலை நின்றால், இனி நாம் எதற்கு என்ற ஏக்கம் நெஞ்சை அரிக்கும். அத்தகையோர் ஷைகுல் ஹிந்த் மௌலானா மஹ்மூதுல் ஹஸன் (ரஹ்) அவர்களின் வாழ்வை அறிந்துகொள்வது நலம்.

1851-ல் பரேலியில் பிறந்த அன்னார், 1866-ல் தேவ்பந்த் மதரஸா தொடங்கியபோது அதன் முதல் மாணவராகச் சேர்ந்தார்கள். 1890 முதல் அங்கேயே தலைமை ஆசிரியராக அமர்ந்து ஹதீஸ் போதித்தார்கள். அஷ்ரஃப் அலீ தானவீ, அன்வர் ஷாஹ் கஷ்மீரீ (ரஹ்) போன்ற மேதைகள் அவர்களிடம் ஓதியவர்களே.

1915-ல் ஹிஜாஸ் சென்றார்கள். ஆங்கிலேய ஆட்சியை அகற்றத் திட்டமிடுவதாக அரசு அவர்கள்மீது கண் வைத்திருந்தது. துருக்கியரைக் காஃபிர்கள் என்று கூறும் ஃபத்வாவில் ஒப்பமிடவும் அவர்கள் மறுத்தார்கள். 1916-ன் இறுதியில் மக்காவில் கைதாகி, ஆங்கிலேயரிடம் ஒப்படைக்கப்பட்டு, எகிப்து வழியே மால்டா தீவுச் சிறைக்கு 1917-ல் கொண்டு செல்லப்பட்டார்கள்.

வயதோ அறுபத்தைந்தைத் தாண்டியிருந்தது. கால் நூற்றாண்டாக நடத்திவந்த பாடம் இல்லை. மாணவர் திரளும் இல்லை. ஹுஸைன் அஹ்மத் மதனீ (ரஹ்) உள்ளிட்ட சிலரே உடனிருந்தனர். அவர்களுள் ஹகீம் நுஸ்ரத் ஹுஸைன் சிறையிலேயே வஃபாத்தானார்கள்.

இந்நிலையில் அன்னார் புதிய அலுவலைத் தேடித் தவிக்கவில்லை. ஊரில் தொடங்கி முடியாதிருந்த குர்ஆனின் உர்தூ மொழிபெயர்ப்பைக் கையில் எடுத்து, அங்கேயே நிறைவு செய்தார்கள். கூடவே, சமுதாயம் ஏன் இப்படிச் சீரழிந்தது என்றும் ஆழ்ந்து சிந்தித்தார்கள்.

1920 ஜூனில் தாயகம் திரும்பியதும் அச்சிந்தனையின் முடிவை உலமாக்களிடம் கூறினார்கள். முஸ்லிம்கள் குர்ஆனைக் கைவிட்டது ஒன்று. தமக்குள் பூசலிட்டது மற்றொன்று. எஞ்சிய ஆயுளைச் சிறுவர்களுக்கு மக்தப், பெரியவர்களுக்குக் குர்ஆன் விளக்கம், ஒற்றுமை ஆகியவற்றுக்கே செலவிட உறுதி பூண்டார்கள்.

ஆனால் எஞ்சியிருந்ததோ ஆறு மாதம்கூட இல்லை! நோயுடனே அக்டோபரில் அலீகர் சென்று ஜாமிஆ மில்லிய்யாவைத் தொடங்கி வைத்தார்கள். நவம்பர் 30-ல் தில்லியில் வஃபாத்தானார்கள். அவர்கள் எழுதத் தொடங்கிய குர்ஆன் விளக்கக் குறிப்புகளை மாணவர் ஷப்பீர் அஹ்மத் உஸ்மானீ (ரஹ்) நிறைவு செய்தார்கள்.

சகோதரர்களே! வேலை நின்றால் வாழ்வு நின்றதாகாது. பிழைப்புக்கு வழி தேடுவதும் கடமையே. அத்துடன், நேரமில்லை என்று நாம் ஒதுக்கிவைத்த நற்செயல் எதுவென்று பார்த்து, அதை முதலில் எடுப்போம். முடிப்பது நம் கையில் இல்லை. தொடங்குவதே நம் பொறுப்பு. வல்ல நாயன் நம் ஓய்வு நாட்களைப் பயனுள்ளவையாக ஆக்கி அருள்வானாக! ஆமீன்.